திறப்பு விழா இல்லாத கொட்டகை

1

இது கதையாகத் தொடங்கவில்லை. வழக்கறிஞர் வசுந்தரா என்னிடம் ஒரு பிரமாணப் பத்திரம் கேட்டார். நடந்ததை மட்டும் ஒரு பக்கத்தில் எழுதச் சொன்னார். நடந்தது ஒரு பக்கத்தில் நிற்கவில்லை. மிச்சம் இங்கே வந்துவிட்டது.

2

முதல் தொடக்கம்: ‘திருவாதவூருக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். மழைக்காலத்தில் அங்கே பிணம் எரிப்பது பெரும்பாடு.’

[செய்தித்தாள் போல இருக்கிறது. விடலாம்.]

இரண்டாவது: ‘மருது எங்கள் தெருவின் முதல் காண்ட்ராக்டர். அவர் அப்பா அடுத்தவர் வயலில் உழுதவர்.’

இது நிற்கட்டும். பஞ்சாயத்து யூனியன் ஆபீஸ் டெண்டர் எடுத்து, மருது எங்கள் சுடுகாட்டுக்குக் கொட்டகை கட்டினார். கட்டி முடித்தார். பில் பாஸாகவில்லை.

எங்கள் பக்கம் எந்த வேலையும் திறப்பு விழாவில்தான் முடியும். ரிப்பன், கல்வெட்டு, போட்டோ. அதன் பிறகுதான் ஒப்படைப்பு, பில். நிழற்குடை திறக்க, ரேஷன் கடை திறக்க ஆள் வருவார்கள். சுடுகாட்டில் யார் ரிப்பன் வெட்டுவார்? மருது கேட்காத பெரிய மனிதர் இல்லை. தேர்தல் வருஷத்தில் இதற்கா கூப்பிடுகிறாய் என்று ஒருவர் சிரித்தாராம். ஆபீஸில் கேலி வேறு.

“என்ன மருது, நீயே படுத்துத் தொறந்து வச்சுரேன்.”

இரண்டு வருஷம் அலைந்துவிட்டு, போன தையில் ஹைகோர்ட்டில் வழக்குப் போட்டார். வேலை முடியவில்லை, கொட்டகை பயன்பாட்டுக்கே வரவில்லை என்று ஆபீஸ் எதிர்மனு போட்டது. கடனுக்கு வைத்த வீட்டுக்கு வங்கி ஏல நோட்டீஸ் ஒட்டிவிட்டது.

கொட்டகை பயன்பட்டது என்று சொல்ல ஓர் ஆள் வேண்டும் என்றார் மருதுவின் வழக்கறிஞர் வசுந்தரா.

3

பத்திரத்தில் நான் எழுதியவை:

நான் சூர்யபிரகாஷ், முத்துமீனாவின் கணவன். மேற்படி முத்துமீனா சென்ற ஐப்பசியில்

மேற்படி முத்துமீனாவின் உடல்

[‘உடல்’ வேண்டாம்.]

அன்று மழை பெய்துகொண்டிருந்தது.

இந்த ஒரு வரிதான் முழுதாக வந்தது. வெட்டவெளியில் அடுக்கிய விறகு நனைந்துவிட்டது. மருது சாவியோடு வந்து கொட்டகையின் கம்பிக் கதவைத் திறந்தார். ஒப்படைக்காத கட்டடம். திறந்ததற்கு யாரிடமும் எழுதி வாங்கவில்லை.*

மறுநாள் ஆபீஸிலிருந்து வந்து வேறு பூட்டுப் போட்டார்கள். இன்றுவரை அங்கே எரிந்தது அவள் மட்டும்தான். கொள்ளி வைத்தவன் நான்.

* எங்கள் ஆட்கள் செய்யும் தவறு இது. சாவு வீட்டில் கையெழுத்துக் கேட்கமாட்டார்கள்.

4

மருது என்ற பாத்திரத்தின் மேல் எனக்குச் சந்தேகம். அவர் கதவைத் திறந்தது எங்களுக்காகவா, கொட்டகை எப்படியாவது பயன்பாட்டுக்கு வரட்டும் என்றா? எழுதுகிறவன் நினைத்தால் அவரை நல்லவராக்கிவிடலாம். எனக்கு அது பிடிக்கவில்லை.

பத்திரத்துக்காக வீட்டுக்கு வருவார். சாப்பிட்டாயா என்று மட்டும் கேட்டுவிட்டுப் போவார். கடைசியில் பேச்சை எடுத்தது நான்தான்.

“அண்ணே, அன்னைக்குக் கதவத் தொறக்கையில பில்லு ஞாபகம் இருந்துச்சா?”

செருப்பை மாட்டிக்கொண்டிருந்தவர் நின்றார்.

“இருந்துச்சு தம்பி. மழையும் பெஞ்சுச்சு. ரெண்டும் இருந்துச்சு.”

வாசலில் இறங்கிய பிறகு, “ஒனக்கு முடியலைன்னா விட்ரு. வேற வீடு பாத்துக்குவேன்” என்றார்.

[பொய். சாட்சி சொல்ல அவருக்கு வேறு சாவு வீடு கிடையாது.]

5

முடிவுகள்.

நீதிபதி நம்புகிறார். பணம் கொடுக்க உத்தரவு. மருது வீட்டை மீட்கிறார்.

அல்லது, ‘மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலிக்கவும்’ என்று உத்தரவு. ஆபீஸ் பரிசீலித்து, மறுக்கிறது. [வசுந்தரா: “இதுதான் நிறைய நடக்கும்.”]

அல்லது, அனுமதியில்லாமல் திறந்ததற்கு மருதுவுக்கே அபரா

இதை எழுத மனமில்லை.

விசாரணை திங்கட்கிழமை. இன்று சனி. தெரியாத தீர்ப்பைத் தெரிந்தது போல எழுதமாட்டேன்.

பத்திரத்தை முடித்துவிட்டேன். ‘என் மனைவி முத்துமீனா இறந்தாள். மருது கட்டிய கொட்டகையில் அவளை எரித்தேன்.’ வசுந்தரா வேண்டிய இடங்களில் ‘மேற்படி’ சேர்த்துக்கொண்டார். கையெழுத்துப் போட்டேன்.

மருது எதற்காகத் திறந்தார் என்று பத்திரம் கேட்கவில்லை. கதை கேட்கிறது. அன்று எனக்குப் பதில் தேவைப்படவில்லை, கூரை தேவைப்பட்டது. நீங்கள் அந்த மழையில் நிற்காதவர். உங்களால் சொல்ல முடியலாம்.