கண் திறக்கும் காட்சி

சினிமாவில் என் கையில் எப்போதும் ஒரு தட்டு இருக்கும். காபித் தட்டு, மருந்துத் தட்டு. வைத்துவிட்டுப் போய்விட வேண்டும். டிவி தொடர்களுக்கு வந்த பிறகுதான் ஒரு அம்மா வேடமும் வாய் நிறைய வசனமும் கிடைத்தன. யார் கண் பட்டதோ, கதை எழுதுகிறவருக்கு என்னை வைத்து என்ன செய்வதென்று தெரியாமல் மாடிப்படியில் உருட்டிவிட்டார்.

அன்றிலிருந்து கோமா. மூக்கில் குழாயோடு கிடப்பேன். மகளாக வரும் கதாநாயகி மேலே விழுந்து அழுவாள். முதலில் எரிச்சலாக இருந்தது, பிறகு அதுவும் இல்லை. வீட்டிலும் குக்கர் விசிலடிக்க விசிலடிக்க அப்படியே நிற்பேன்.

"அங்கதான் மரக்கட்டையா கிடக்குற, இங்கயாவது அசையேன்" என்பார் மாமியார்.

ஒரே ஒரு ஆசைதான் மிச்சமிருந்தது. படியில் தன்னைத் தள்ளியது யாரென்று அந்த அம்மாவுக்கு மட்டும்தான் தெரியும். ஒருநாள் கண் திறந்து சொல்வாள்.

ஒருவழியாக உதவி இயக்குநர் அந்தக் காட்சியின் வசனத்தை நீட்டினார். "மூணு பக்கம்க்கா. மனப்பாடம் பண்ணிக்கோங்க."

மூன்று பக்கம்! பாத்திரம் தேய்க்கும்போதெல்லாம் சொல்லிப் பார்த்தேன். மாமியாரிடம் ஒப்பித்தேன். மகள் பேசும் வரிகளை அவரே பேசினார். சும்மா சொல்லக் கூடாது, நன்றாகவே பேசினார்.

படப்பிடிப்பில் கதாநாயகி அழுது முடித்ததும் இயக்குநர் என்னைப் பார்க்காமலே, "உங்களுக்கு முடிஞ்சுதும்மா, கிளம்புங்க" என்றார்.

"விரல் அசையற ஷாட்?"

"அத அப்புறம் எடுத்துக்கலாம். கைதானே."

கோமாவிலிருந்து எழுகிறவர்களுக்கு முதலில் விரல்தான் அசையும். எங்கள் தொழிலின் மருத்துவம் அது. அந்த குளோசப்புக்கு யார் கையை வேண்டுமானாலும் வைத்து எடுப்பார்கள். அதனால் நானும் சந்தேகப்படவில்லை. கண் திறக்கக் கூப்பிடுவார்கள் என்று போனைப் பக்கத்திலேயே வைத்துக்கொண்டேன்.

அந்த வாரமே டிவியில் வந்தது. "ஓடி வா, விரல் அசையுது!" என்று மாமியார் கத்தினார். சோப்புக் கையோடு ஓடினேன்.

நகத்துக்கு பாலீஷ் போட்ட, அழகான விரல். கேமரா மெல்ல முகத்துக்கு ஏறியது. அதே கட்டில், தலையில் அதே கட்டு. கண்ணைத் திறந்தது வேறொருத்தி. ஒரு காலத்தில் கதாநாயகியாக இருந்தவர். 'இனி அம்மா கதாபாத்திரத்தில் இவர்' என்று கீழே எழுத்து வந்தது.

என் மூன்று பக்கத்தையும் அவர் பேசத் தொடங்கினார். கூடவே என் உதடும் அசைந்தது. அழுகை வருமென்று காத்திருந்தேன். வரவில்லை.

கணவர் சட்டென்று ரிமோட்டை எடுத்தார். மாமியார் அவர் கையைத் தட்டிவிட்டார்.

"இருடா, தள்ளுனது யாருன்னு சொல்லட்டும்."

"உங்களுக்குத்தான் தெரியுமே அத்தை. நான்தான் சொன்னேனே."

"நீ சொன்னதான்" என்றார், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "ஆனா இவ சொல்றப்பதான் நம்பற மாதிரி இருக்கு."

எனக்கும் அப்படித்தான் இருந்தது.