ஒரே அக்கவுண்டில் இரண்டு பேர்

பெற்ற பிள்ளையோடு பேசுவதற்கு ஒரு தாய் களவாணித்தனம் செய்ய வேண்டியிருக்கிறது என்றால் யாரும் நம்ப மாட்டார்கள். சொர்ணாம்பாள் செய்தாள். வெட்கப்படாமல், வாரம் தவறாமல் செய்தாள்.

விருத்தாசலம் செராமிக் எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் அவளுக்கு வேலை. சூளையிலிருந்து வரும் பொம்மைகளை வைக்கோல் வைத்துச் சுற்றிப் பெட்டியில் அடுக்க வேண்டும். புருஷன் நெஞ்சுவலி வந்து போய்ச் சேர்ந்து இரண்டு வருஷமாகிறது. ஒரே மகன் விருத்தகிரி பெங்களூரில் கம்ப்யூட்டர் வேலையில் இருந்தான். நல்ல பிள்ளைதான். மாசம் பிறந்தால் பணம் வந்துவிடும். போன்தான் ஆடிக்கொரு தரம், அமாவாசைக்கொரு தரம். இவளாகக் கூப்பிட்டால், “மீட்டிங்ல இருக்கேம்மா, அப்புறம் பண்றேன்” என்பான். அந்த அப்புறம் வந்ததே இல்லை.

அந்த வருஷம் தீபாவளிக்கு வந்தவனுக்கு வீட்டில் இரண்டு நாள் தாண்டியதும் பொழுது போகவில்லை. காலேஜ் படிக்கும்போது வாங்கிய கம்ப்யூட்டர் மூலையில் துணி போர்த்திக் கிடந்தது. அதைத் தூசி தட்டி, இன்டர்நெட்டை மாட்டி, தன் விளையாட்டுகளை அதில் இறக்கினான்.

“சிடி எங்கடா?” என்று கேட்டாள்.

“சிடியெல்லாம் கெடயாதும்மா. நான் வாங்குன கேமெல்லாம் என் பேர்ல இன்டர்நெட்லயே இருக்குது. பேரும் பாஸ்வேர்டும் போட்டா எந்த ஊர்ல, எந்த கம்ப்யூட்டர்ல வேணா எறக்கிக்கலாம். ஒனக்கும் ஒண்ணு எறக்கியிருக்கேன் பாரு. சும்மா டிவியே பாத்துகிட்டு கெடக்காத.”

கலர் கலராக முத்துகள். ஒரே நிறத்தில் மூன்றைச் சேர்த்தால் உடையும். கட்டம் முழுவதும் காலியானால் ஜெயம். எப்படித் திறப்பது, எதைத் தட்டுவது என்று பொறுமையாகச் சொல்லிக் கொடுத்துவிட்டுத்தான் பஸ் ஏறினான். ஒன்றை மட்டும் சொல்ல மறந்துவிட்டான். ஒரு பெயரில் ஒரு நேரத்தில் ஒருவர்தான் உள்ளே இருக்கலாம். இரண்டாவது ஆள் நுழைந்தால் முதல் ஆளை அது வெளியே தள்ளிவிடும்.

அவன் போய் மூன்று வாரம் போன் இல்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை, குழம்பு கொதிக்கிற நேரத்தில் சும்மா உட்கார்ந்து பேரும் பாஸ்வேர்டும் போட்டாள். நாலு முத்துகூட உடைந்திருக்காது, போன் அடித்தது. கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்த மாதிரி ஓடி எடுத்தாள்.

“அம்மா, கம்ப்யூட்டர தொட்டியா?” கிரிதான். நல்ல கோபம். “டீமா ஆடிகிட்டு இருந்தோம்மா, பாதில என்னெ வெளிய தள்ளிடுச்சு. மொதல்ல மூடு அத.”

அப்போதுதான் அந்தச் சட்டத்தை அவளுக்கு விளக்கினான். அவள் மூடினாள். கோபம் அடங்கியதும், “சாப்டியா?” என்றான். “இன்னும் இல்லடா” என்றாள். “நேரத்துக்கு சாப்புடும்மா” என்று சொல்லி வைத்துவிட்டான்.

சொர்ணாம்பாள் ரிசீவரை வைத்துவிட்டுப் போய்க் குழம்பை இறக்கினாள். பொம்மைக்கு வைக்கோல் சுற்றுகிறவளுக்கு மூளை இருக்காதென்று யார் சொன்னது? அடுத்த ஞாயிறு பதினொரு மணிக்குக் குளித்து, தலைவாரி, கம்ப்யூட்டர் முன்னால் போய் உட்கார்ந்தாள். பாஸ்வேர்டு போட்ட மாத்திரத்தில் போன் வந்தது.

“ஐயோ, நீ ஆடிகிட்டு இருந்தியா? எனக்கு என்னாடா தெரியும்?” என்றாள் அந்தக் கள்ளி.

அதற்குப் பிறகு அது வழக்கமாகிவிட்டது. முதல் நிமிஷம் திட்டு. அது அவளுக்குச் சுண்டல் மாதிரி. அடுத்தது சாப்பாட்டு விசாரணை. அதோடு வைத்துவிடாமல் இருக்க ஒரு வழி கண்டுபிடித்தாள். “இத எப்படிடா மூடறது? எந்தப் பட்டன்?” என்பாள். மூட அவளுக்குத் தெரியாதா? கண்ணைக் கட்டிவிட்டாலும் மூடுவாள். அவன் ஒவ்வொன்றாகச் சொல்ல, இவள், “அப்படி ஒண்ணும் காணுமே” என்று இழுத்துக்கொண்டே நடுவில் வாரம் முழுக்கச் சேர்த்து வைத்த சேதிகளைச் செருகுவாள். மங்கலம்பேட்டை அத்தை விழுந்து கையை ஒடித்துக்கொண்டது, கம்பெனியில் புது முதலாளி வந்தது எல்லாம் அப்படித்தான் பெங்களூர் போய்ச் சேர்ந்தன. சில நாள் அவனே சிரித்துவிடுவான். அந்தச் சிரிப்பை வைத்து அவள் புதன்கிழமை வரைக்கும் ஓட்டிவிடுவாள்.

குழாயடியில் பக்கத்து வீட்டுப் பானுமதியிடம் பெருமை வேறு. “என் பையன் ஞாயித்துக்கெழமை ஆனா போன் பண்ணாம இருக்க மாட்டான்.”

“குடுத்து வச்சவங்கக்கா நீங்க. எங்க வூட்டு ஆளு துபாய்லேருந்து பேசி ரெண்டு மாசம் ஆவுது” என்பாள் பானுமதி.

எமன் மாதிரி வருவது கரண்ட் கட்தான். சில ஞாயிறு சரியாகப் பதினொரு மணிக்குக் கரண்ட்காரன் நிறுத்திவிடுவான். அந்த வாரம் அவளுக்கு வாரமே இல்லை. கம்பெனியில் யாரோடும் பேச மாட்டாள்.

ஒரு ஞாயிறு அவன் குரல் வேறு மாதிரி இருந்தது. ஏதோ போட்டியாம், ஜெயிக்கிற நேரத்தில் இவள் நுழைந்துவிட்டாளாம். பின்னால் கூட்டாளிகள், “டேய், ஒங்கம்மா வந்துட்டாங்கடா” என்று சிரிப்பது கேட்டது. அவர்களுக்குத் தன்னைத் தெரிந்திருக்கிறது என்பதில் ஒரு சந்தோஷம். மகன் தோற்றுப்போனதில் ஒரு குற்ற உணர்ச்சி. இனிமேல் கூடாது என்று இரண்டு வாரம் கம்ப்யூட்டர் பக்கமே போகவில்லை. அந்த இரண்டு வாரமும் அவனும் கூப்பிடவில்லை. மூன்றாவது வாரம் வைராக்கியத்தைத் தூக்கிப் பரண்மேல் போட்டுவிட்டுப் பழையபடி உட்கார்ந்துவிட்டாள்.

பொங்கலுக்கு வந்தான். மாட்டுப் பொங்கலன்று சாப்பிட்டுவிட்டு, “அம்மா, இங்க வா, ஒனக்கு ஒண்ணு வச்சிருக்கேன்” என்று கம்ப்யூட்டர் முன்னால் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டான்.

“இது ஒனக்குன்னு தனி அக்கவுண்ட். ஒன் பேர்லயே. அந்த முத்து கேமை இதுல தனியா வாங்கிட்டேன். இனிமே நீ எந்நேரம் வேணா ஆடலாம், நானும் ஆடலாம். ஒருத்தர ஒருத்தர் இடிச்சுக்கவே மாட்டோம்.”

“எதுக்குடா காச போட்டு? பழசே போதும்.”

“இல்லம்மா. ஒவ்வொரு தடவையும் ஒன்ன திட்டிட்டு அப்புறம் மனசே சரியில்லாம இருக்கும். யோசிச்சு பாத்தேன், பாவம், என்னால நீ ஒரு ஆட்டம் கூட முழுசா ஆடுனதில்ல. அந்தப் பழைய அக்கவுண்ட்ல சக்கரபாணியும் சேந்துகிட்டான், என் ரூம்மேட்டு. அவன்கூட இடிச்சுக்கறதுக்கே எனக்கு நேரம் பத்தல.”

பிள்ளை பாசத்தோடுதான் செய்கிறான். ஒரு வார்த்தை கோபமாகச் சொல்லியிருந்தால் இவளும் பதிலுக்குக் கோபப்பட்டிருக்கலாம். தன் பெயர் இங்கிலீஷ் எழுத்தில் ஒவ்வொன்றாக விழுவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அப்ப நீ எதுக்குடா எனக்கு போன் பண்ணுவ?” என்று கேட்டே விட்டாள்.

கிரி விழுந்து விழுந்து சிரித்தான். “அதுக்கென்னம்மா, பண்ணாம இருப்பனா?”

மனசாரத்தான் சொன்னான். மறுநாள் காலையில், “போயிட்டு வரேம்மா” என்று கிளம்பினான்.

அடுத்த ஞாயிறு பதினொரு மணிக்குச் சொர்ணாம்பாள் தன் சொந்தப் பெயரில் உள்ளே போனாள். முத்துகள் உடைந்தன. யாரும் கூப்பிடவில்லை. பாதிக்கு மேல் எப்படி ஆடுவதென்றே அவளுக்குத் தெரியவில்லை, அதுவரை போனதே இல்லையே. கடைசி முத்தும் உடைந்து திரையில் வாணவேடிக்கை விட்டது. அவள் பெயரைப் போட்டு ஏதோ பாராட்டியது. அப்படியே அணைத்துவிட்டுப் போய்ப் படுத்துக்கொண்டாள்.

அதற்கடுத்த ஞாயிறும் ஜெயித்தாள். குழாயடியில் பானுமதி கேட்டபோது, “வேல ஜாஸ்தியாம்” என்றாள். அவளாக ஒருமுறை கூப்பிட்டுப் பார்த்தாள். “மீட்டிங்மா” என்றான்.

மாசி பிறந்து முதல் ஞாயிறு. அவளால் முடியவில்லை. தன் அக்கவுண்டை விட்டு வெளியே வந்து, பழைய பெயரைத் தட்டினாள். பாஸ்வேர்டு விரலுக்குத் தெரியும். உள்ளே விட்டது. சட்டென்று நெஞ்சு லேசாகிவிட்டது. அங்கே பெங்களூரில் இந்நேரம் அவனை வெளியே தள்ளியிருக்கும், திட்டிக்கொண்டே போனை எடுப்பான். நாற்காலியைப் போன் பக்கத்தில் இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். சொல்வதற்குச் சேதி நிறைய இருந்தது. பானுமதி புருஷன் ஊருக்கு வந்துவிட்டான். அத்தைக்குக் கட்டு பிரித்தாயிற்று.

போன் அடிக்கவில்லை. கம்ப்யூட்டர்தான் டொக்கென்று சத்தம் போட்டது.

போய்ப் பார்த்தாள். திரையில் ஒரு பெட்டி. அவளுக்குத் தெரிந்த இங்கிலீஷுக்கு அது போதும். இந்த அக்கவுண்ட் வேறு கம்ப்யூட்டரில் திறக்கப்பட்டிருக்கிறது, நீங்கள் வெளியேற்றப்பட்டீர்கள். அவன் ஒரு வார்த்தை கேட்காமல் திரும்ப உள்ளே வந்துவிட்டான். இத்தனை மாதத்தில் அது அவளைத் தள்ளியது இதுதான் முதல் தடவை.

மறுபடி பாஸ்வேர்டைப் போட்டாள். உட்காரக்கூட விடவில்லை, அதற்குள் தள்ளிவிட்டது. சக்கரபாணி என்று நினைத்திருப்பான். அடுத்த அறையைப் பார்த்து, “டேய், வெளிய போடா” என்று கத்திக்கொண்டிருப்பான்.

போன் போட்டு, அது நான்தான் என்று சொல்லலாம். சொன்னால், “ஒனக்குத்தான் தனியா வாங்கிக் குடுத்தேனேம்மா” என்பான்.

மூன்றாவது தடவையும் பாஸ்வேர்டைப் போட்டாள். திரை திறந்தது. தள்ளப்படுவதற்கு முன்னால் கிடைத்த கொஞ்ச நேரத்தில், முகத்தைத் திரைக்குப் பக்கத்தில் கொண்டுபோனாள்.

“நான்தாண்டா கிரி. அம்மாடா” என்றாள்.

டொக்கென்று சத்தம் கேட்டது.