விக்னராஜாவின் பெயரில்

1995ஆம் ஆண்டு மாசி மாதம், ஒரு திங்கட்கிழமை காலை எட்டரைக்கே றெபேக்கா இத்தாலியில் பலேர்மோ நகரசபையின் திருமணப் பகுதிக்குப் போய் இலக்கத் துண்டு எடுத்துவிட்டாள். நாற்பத்தொன்று. சுவரில் தொங்கிய பலகை பத்தொன்பது என்று காட்டியது.

லிபெர்த்தாத் தெருவில் படுக்கையில் கிடக்கும் ஒரு கிழவி சிஞ்ஞோராவைப் பார்ப்பது அவளுடைய வேலை. ஒரு மணிவரைதான் லீவு. அதற்குள் கலியாண எழுத்துக்குப் பெயர் பதிந்து முடிய வேண்டும். ஒரு முத்திரை குறைந்தாலும் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று கேள்விப்பட்டதிலிருந்து அவளுக்கு ஒரு கிழமையாகச் சாப்பாடு இறங்கவில்லை.

பக்கத்தில் அகஸ்ரின் இருந்தான். அவளைக் கட்டப் போகிறவன். ஊர்காவற்றுறைக்காரன். துறைமுகத்துக்குப் பக்கத்தில் ஒரு சாப்பாட்டுக்கடைக் குசினியில் வேலை. சாட்சிக் கையெழுத்துப் போட வந்திருந்த யாக்கோபுவும் அவருடைய மனைவி புனிதமலரும் பின் வாங்கில் இருந்தார்கள். இந்தச் சம்பந்தத்தைப் பேசி முடித்ததே புனிதமலரக்காதான்.

"அந்த ஃபைலைத் தாங்கோ, ஒருக்காப் பாப்பம்," என்றாள் றெபேக்கா.

"எல்லாம் சரியாத்தான் இருக்கு. நான் ரெண்டு தரம் பாத்திட்டன்."

"அப்பாவின்ரை பேரை மொழிபெயர்ப்பிலை பிழையா அடிச்சிருப்பினமோ எண்டு பயமாக் கிடக்கு. தாங்கோவன்."

அவன் ஃபைலை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்தபடி பலகையைப் பார்த்தான். றோமில் உள்ள தூதரகத்துக்கு இருவரும் வெவ்வேறு நாள்களில்தான் போய் வந்தார்கள். அவளுக்கு லீவு கிடைத்த நாளில் அவனுக்குக் கிடைக்கவில்லை. அவளுடைய பத்திரங்களை வாங்கித் தன்னுடையவற்றோடு சேர்த்து அவனே அடுக்கி வைத்திருந்தான். அதை அவள் அப்போது பெரிதாக எடுக்கவில்லை. முதலில் கோயிலில் கலியாண அறிவிப்பு ஓலை வாசிப்போம் என்று அவள் சொன்னபோது, "நகரசபை எழுத்து முடியட்டும், கோயிலிலை பிறகு செய்வம்," என்று அவன் தட்டிக் கழித்தது மட்டும் மனதில் ஒரு மூலையில் கிடந்தது.

அவள் கையை நீட்டி ஃபைலை இழுத்தாள். அவன் விட்டுவிட்டான்.

மேலே அவளுடைய பிறப்புச் சாட்சிப் பத்திரம், மொழிபெயர்ப்பு, கலியாணம் ஆகாதவள் என்ற தூதரகக் கடிதம். எல்லாம் சரியாகத்தான் இருந்தன. அடியில் அவனுடைய பாஸ்போர்ட்டின் போட்டோக்கொப்பி. படத்தில் அகஸ்ரின். பெயர், அருளம்பலம் விக்னராஜா. பிறந்த இடம், கொக்குவில்.

"ஆரிது?"

அவன் சப்பாத்தைப் பார்த்தான்.

"ஆரெண்டு கேக்கிறன்."

"வெளியிலை வாரும். சொல்லுறன்."

வெளி விறாந்தையில் கண்ணாடி போட்ட ஒரு பெரிய அறிவித்தல் பலகை. கட்டப் போகிறவர்களின் பெயர்களை எட்டு நாள்கள் அதில் ஒட்டி வைப்பார்கள். ஆட்சேபனை உள்ளவர்கள் வந்து சொல்லலாம். அதன் முன்னால் நின்றுதான் அவன் சொன்னான்.

எண்பத்தொன்பதில் வெளிநாட்டுக்கு ஆள் அனுப்பும் ஏஜென்ற் அவனையும் வேறு சிலரையும் யூகோஸ்லாவியாவுக்குக் கொண்டுவந்து, எல்லையோர ஊர் ஒன்றில் மேல்மாடி அறையில் பன்னிரண்டு பேராக அடைத்து வைத்தான். அங்கேதான் அகஸ்ரினுக்கு விக்னராஜா பழக்கம். ஒரே வயது. ஒரு போர்வைக்குள் படுத்தார்கள். விக்னராஜாவின் பாஸ்போர்ட்டில் இத்தாலி விசா இருந்தது. அகஸ்ரினின் பாஸ்போர்ட்டை வாங்கிப்போன இன்னொரு ஏஜென்ற் திரும்பி வரவேயில்லை. விக்னராஜாவுக்குக் காய்ச்சல் வந்தது. டொக்டரைக் கூப்பிட்டால் பொலிசுக்குத் தெரிந்துவிடும் என்று ஏஜென்ற் குளிசை மட்டும் கொடுத்தான். ஆறாம் நாள் மூச்சு நின்றுபோனது.

"உடம்பை எங்கை கொண்டுபோனாங்கள் எண்டு எனக்குத் தெரியாது. அடுத்த நாள் ஏஜென்ற் படத்தை மாத்தி அந்தப் பாஸ்போர்ட்டை என்ரை கையிலை தந்தான். வேண்டாம் எண்டு சொல்ல எனக்குத் துணிவில்லை, றெபேக்கா. இஞ்சை வந்து அந்தப் பேரிலைதான் இருக்கிறதுக்கான அனுமதி, பெர்மெஸ்ஸோ எடுத்தனான்."

"ஆறு வருசமா?"

"ஓம்."

"எனக்கு ஏன் சொல்லேல்லை?"

"சொன்னா நீர் மாட்டன் எண்டிடுவீர் எண்டு பயந்திட்டன்."

அவள் சுவரில் சாய்ந்துகொண்டாள். கோபத்தைவிடப் பயம்தான் முன்னுக்கு வந்தது. இதில் தன்னுடைய பெயரும் போய் விழுந்தால் என்ன ஆகும்? தன் பெர்மெஸ்ஸோவையும் பிடுங்கிவிடுவார்களோ? ஊரிலே, பேசாலையில், அப்பா கலியாணத் திகதி கேட்டு இரண்டு கடிதம் போட்டுவிட்டார். அவருக்கு என்னவென்று எழுதுவது?

"அந்தப் பெடியன்ரை தாய் தேப்பன்?"

"தேப்பன் இல்லை. தாய் இருக்கிறா. ஞானம்பிகை எண்டு பேர். கொக்குவிலிலை."

"அவவுக்குத் தெரியுமோ?"

அவன் அறிவித்தல் பலகைப் பக்கம் திரும்பினான்.

"மகன் செத்தது அந்த மனிசிக்குத் தெரியுமோ எண்டு கேக்கிறன்!"

"தெரியாது. தெரிஞ்சா ஊருக்குத் தெரியும். பிறகு தூதரகத்துக்குத் தெரியும். நான் என்னண்டு பாஸ்போர்ட் புதுப்பிக்கிறது?"

அப்போது யாக்கோபு கதவைத் திறந்து தலையை நீட்டினார். "முப்பத்தெட்டு வந்திட்டுது, வாங்கோ!" இருவரின் முகத்தையும் பார்த்ததும் அவருக்கு விளங்கிவிட்டது. அவருக்கு இது முன்பே தெரியும். கிட்ட வந்து குரலைத் தாழ்த்தினார்.

"பிள்ளை, இதொண்டும் பெரிய விசயமில்லை. இஞ்சை எத்தினை பேர் வேறை பேரிலை இருக்கினம் தெரியுமோ? பேப்பரிலைதான் அது விக்னராஜா. வீட்டிலை உமக்கு அகஸ்ரின்தானே. கையெழுத்தைப் போட்டிட்டு வாரும்."

நாற்பத்தொன்று வந்தபோது, கால்கள் தாமாக நடந்ததுபோல உள்ளே போய் அவனருகே கதிரையில் உட்கார்ந்தாள். போய் உட்கார்ந்தபோதும் அவள் ஒரு முடிவும் எடுத்திருக்கவில்லை.

மேசைக்கு அந்தப் பக்கம் கண்ணாடியைச் சங்கிலியில் கொழுவிய ஒரு நடுவயதுப் பெண் இருந்தாள். பத்திரங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துத் தட்டெழுத்து இயந்திரத்தில் தாளைச் செருகினாள்.

"விக்னராஜா நீங்களா?"

"சி, சிஞ்ஞோரா."

"தகப்பன் பெயர்?"

"அருளம்பலம்."

"தாய்?"

"ஞானம்பிகை."

ஒரு தடக்கமும் இல்லாமல் அவன் சொன்னான். சொந்தத் தாயின் பெயரைச் சொல்வதுபோல. விறாந்தையில் அவன் சொன்னதை எல்லாம் கேட்டபோதுகூட வராத ஒரு குளிர் றெபேக்காவின் முதுகில் இறங்கியது. விசைகள் டக் டக்கென்று விழுந்தன. எங்கேயோ ஒரு தாய் மகனைத் தேடிக்கொண்டிருக்க, இங்கே அந்த மகனுக்குக் கலியாணம் எழுதுகிறார்கள். நாளைக்கு ஒரு பிள்ளை பிறந்தால் அதுவும் விக்னராஜாவின் பிள்ளை. செத்த பெடியன் இனிச் சாகவே முடியாது.

எழுத்துப்பெண் அவள் பக்கம் திரும்பினாள். "இந்தத் திருமணத்துக்குத் தடையாக ஏதாவது இருப்பது உங்களுக்குத் தெரியுமா, சிஞ்ஞொரீனா? இல்லை என்றால் இல்லை என்று சொல்லுங்கள், எழுதிக்கொள்கிறேன்."

யாக்கோபு பின்னாலிருந்து செருமினார். அகஸ்ரின் அவளைப் பார்க்கவில்லை. அவனுடைய நெற்றியில் வியர்வை நின்றது. அவள் உண்மையைச் சொன்னால் இந்த இடத்திலேயே பொலிசைக் கூப்பிடுவார்கள். பொய் சொன்னால் அதற்குக் கீழே அவளுடைய கையெழுத்து.

"ஒரு பத்திரம் குறையுது," என்றாள் இத்தாலிய மொழியில்.

எழுத்துப்பெண் பத்திரங்களைத் திரும்பப் புரட்டினாள். "இல்லையே. எல்லாம் இருக்கிறது."

"இல்லை, சிஞ்ஞோரா. ஒன்று குறையுது. கொண்டு வாறம்."

"என்ன பத்திரம்?"

"ஊரிலிருந்து வரவேணும்."

எழுத்துப்பெண் அவளை ஒரு கணம் உற்றுப் பார்த்தாள். பிறகு தோளைக் குலுக்கிவிட்டு, பாதி அடித்த தாளை இயந்திரத்திலிருந்து இழுத்தெடுத்து, கசக்கிக் குப்பைக்கூடையில் போட்டாள். "நாற்பத்திரண்டு!"

தெருவுக்கு வந்ததும் யாக்கோபு கத்தினார். "ஒரு நாள் சம்பளத்தை விட்டிட்டு வந்து நிக்கிறம். நீர் என்ன விளையாடுறீரோ?" புனிதமலர் அவரைக் கையில் பிடித்துத் தள்ளிக்கொண்டு போனாள்.

அகஸ்ரின் ஃபைலோடு நின்றான்.

"செத்த ஆளின்ரை பேரிலை எனக்கு எழுத்து வேண்டாம்," என்றாள் றெபேக்கா. "முதல் அந்தத் தாய்க்கு எழுதுங்கோ. அதுக்குப் பிறகு என்னட்டை வாங்கோ."

"எழுதினா எல்லாம் போயிடும். பெர்மெஸ்ஸோ போயிடும். வேலை போயிடும். பிடிச்சு அனுப்பினாங்கள் எண்டா?"

"எனக்கும் பயமாத்தான் கிடக்கு. நான் பயமில்லை எண்டு சொல்லேல்லை."

வந்த பஸ்ஸில் ஏறிவிட்டாள். அன்று சிஞ்ஞோராவுக்குச் சூப் பருக்கும்போது கரண்டி சரிந்து கிழவியின் நெஞ்சுத் துவாயெல்லாம் சிந்தியது. "உனக்குச் சுகமில்லையா?" என்று கிழவி கேட்டாள். "ஒன்றுமில்லை," என்றாள் றெபேக்கா. இருபத்தொன்பது வயதில் வந்த ஒரு நல்ல சம்பந்தத்தைத் தன் வாயாலேயே கெடுத்துவிட்டோமோ என்ற எண்ணம் அவளை விடவில்லை.

மூன்று கிழமை அவன் வரவில்லை. ஞாயிறு பூசையில் அவள் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். நாலாம் ஞாயிறு வந்தான். மெலிந்திருந்தான். பூசை முடிந்ததும் மடித்த கடிதத்தை அவளிடம் நீட்டினான்.

"வாசிச்சுப் பாரும். இதுக்கு மேலை எனக்கு எழுதத் தெரியேல்லை."

இரண்டு பக்கம். நடந்ததை நடந்தபடி எழுதியிருந்தான். குளிசையைப் பற்றி, படத்தை மாற்றியதைப் பற்றி, தான் வேண்டாமென்று சொல்லாததைப் பற்றி. மன்னிப்பு என்ற சொல் மூன்று இடங்களில் வெட்டப்பட்டு, கடைசியில் ஒரு இடத்தில் மட்டும் நின்றது. அடியில் சொந்தப் பெயர். அவள் வாசித்துவிட்டு உறையை ஒட்டினாள். அடுத்த நாளே தபாலில் போட்டார்கள்.

அதற்குப் பிறகுதான் உண்மையான பயம் தொடங்கியது. ஆனி மாதத்தில் விக்னராஜாவின் பெர்மெஸ்ஸோ முடிந்தது. அகஸ்ரின் அதைப் புதுப்பிக்கப் போகவில்லை. கையில் எந்தப் பத்திரமும் இல்லாமல் அல்பெர்கேரியாவின் ஒழுங்கைகளுக்குள்ளேயே நடமாடினான். பெருந்தெருவில் பொலிஸ் ஜீப்பைக் கண்டால் பலாறோச் சந்தைக்குள் நுழைந்து மரக்கறிக்காரர்களின் நடுவில் நின்றான். ஒருநாள் ரயில் நிலையத்துக்கு முன்னால் றெபேக்காவோடு நின்றபோது இரண்டு பொலிஸ்காரர் நேராக அவர்களை நோக்கி வந்தார்கள். அவர்கள் கடந்துபோய்ப் பின்னால் நின்ற சிகரெட் வியாபாரியைப் பிடித்தார்கள். அவர்கள் போன பின்பும் அகஸ்ரினின் கை அவளுடைய கையை விடவில்லை.

"நான்தான் உங்களை இந்த நிலைக்குக் கொண்டுவந்தனான்," என்றாள் அவள்.

"இல்லை," என்றான். "எண்டாலும் ஒண்டு சொல்லட்டே? இப்ப ஆரும் அகஸ்ரின் எண்டு கூப்பிட்டா நான் திடுக்கிடுறேல்லை."

அந்த வருசக் கடைசியில், பத்திரம் இல்லாமல் வேலை செய்பவர்களுக்குப் பெர்மெஸ்ஸோ கொடுக்கும் சட்டம் வந்தது. ஊர்காவற்றுறையிலிருந்து பிறப்புப் பதிவை எடுப்பித்து, தூதரகத்தில் சொந்தப் பெயரில் பாஸ்போர்ட் எடுத்து, கடைக்காரனைக் கெஞ்சிக் கையெழுத்து வாங்கி, குவெஸ்தூரா என்ற பொலிஸ் தலைமையகத்தின் வாசலில் விடியற்காலைகளில் வரிசையில் நின்று, எழுபத்தேழு நாள் கழித்து அந்தத் தாள் கிடைத்தது. பெயரை யாராவது ஒப்பிட்டுப் பார்ப்பார்களோ, முகத்தை அடையாளம் காண்பார்களோ என்று ஒவ்வொரு முறையும் இருவரும் செத்துப் பிழைத்தார்கள். யாரும் பார்க்கவில்லை.

1997 தையில் கோயிலில் மூன்று ஞாயிறு ஓலை வாசித்தார்கள். மாசியில் எழுத்தும் பூசையும் நடந்தன. யாக்கோபு முதல் வரமாட்டேன் என்று நின்று, கடைசியில் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு வந்தார்.

கொக்குவிலிலிருந்து மட்டும் பதில் இல்லை. சண்டை திரும்பத் தொடங்கி, யாழ்ப்பாணமே இடம்பெயர்ந்த செய்தி வந்தபோது, கடிதம் போய்ச் சேர்ந்திருக்காது என்று றெபேக்கா நினைத்தாள். அந்த மனிசி உயிரோடு இருக்கிறாவோ என்பதும் தெரியவில்லை. திரும்ப ஒருமுறை எழுத அவர்களுக்கு முகவரி இல்லை.

அந்த வருசம் புரட்டாதியில் வவுனியா முத்திரையோடு ஒரு கடிதம் வந்தது. சின்னச் சின்ன எழுத்து. அகஸ்ரினால் உறையைத் திறக்க முடியவில்லை. றெபேக்காதான் திறந்து வாசித்தாள்.

"அகஸ்ரினுக்கு, உம்முடைய கடிதம் 95 சித்திரையிலேயே கிடைத்தது. பதில் எழுத எனக்கு மனம் வரவில்லை. நாங்கள் இடம்பெயர்ந்து இப்போது தங்கச்சி வீட்டில் இருக்கிறோம். ஓடும்போதும் உம்முடைய கடிதத்தைக் கொண்டுதான் ஓடினேன். உம்மிலே எனக்குக் கோபம் இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆறு வருசம் ஒவ்வொரு நாளும் தபால்காரனைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். ஆனாலும் நீர் எழுதாமல் விட்டிருந்தால் இன்றைக்கும் பார்த்துக்கொண்டுதான் இருந்திருப்பேன். நீர் எந்த நாள் என்று எழுதவில்லை. பிள்ளையின் திவசத்தை நான் எந்த நாளில் கொடுப்பது? நாளையும் நேரத்தையும் எழுதி அனுப்பும். கடைசியில் என்ன கேட்டான் என்பதையும் எழுதும்."

றெபேக்கா வாசித்து முடித்துத் தாளை மேசையில் வைத்தாள். அகஸ்ரின் இரண்டு கைகளாலும் முகத்தைப் பொத்திக்கொண்டான்.

"நாள் ஞாபகம் இருக்கோ?" என்று அவள் கேட்டாள்.

"ஆவணியிலை, மடு மாதா திருநாள் கழிஞ்சு மூண்டாம் நாள். வெள்ளிக்கிழமை. வெளியிலை இன்னும் வெளிச்சம் இருந்தது." முகத்தைத் துடைத்தான். "சோடா கேட்டவன். குளிரான சோடா. அங்கை தண்ணிதான் இருந்தது."

"அதையும் எழுதுங்கோ," என்று சொல்லி, மேசையிலிருந்த கோப்பைகளை ஒதுக்கிவிட்டு அவள் அவனுக்கு இடம் செய்து கொடுத்தாள்.