தலை நடுவில், கால் வெளியில்

என் அண்ணை கனிசியஸ் ஐந்து மாதமும் பதினொரு நாளும் படுக்கையில் கிடந்தார். மீன்பிடிக்கப் போன இடத்தில், கடலில் வைத்து நேவிக்காரர் சுட்டதில் இடது தொடையெலும்பு முறிந்துபோனது. ஆஸ்பத்திரியில் காலில் பாரம் கட்டித் தொங்கவிட்டு ஒருவாறு பொருத்தி அனுப்பினார்கள். தலைக்குள்ளும் பயறளவில் ஓர் இரும்புத் துண்டு தங்கிவிட்டது. அது சும்மா கிடக்கும்வரை சும்மா விடலாம், ஆனால் தலைக்கு இரத்தம் அடித்துப் பாயும்படி எதையும் செய்யக்கூடாது என்று டாக்குத்தர் என்னைத் தனியே கூப்பிட்டுச் சொன்னார். நான் வீட்டுக்கு வந்து அம்மாவிடம், அண்ணையின் தலை கவனம் என்று மட்டும் சொன்னேன். மிச்சம் அம்மாவுக்கு எதற்கு என்று நினைத்தேன்.

எலும்பு பொருந்திவிட்டது, ஆனால் மனிதர் நிற்கமாட்டார். எழுப்பி இருத்தினால் முகம் வெளுத்துக் கண் செருகி எங்கள் கையிலேயே சரிந்துவிடுவார். பாய்மரத்தைத் தனியாளாகத் தூக்கி நிறுத்திய மனிதர் அப்படிச் சரிவதைப் பார்க்க எனக்குக் கோபம்தான் வரும். யார்மேல் என்று தெரியாத கோபம்.

அப்போது நாங்கள் குருநகரை விட்டு இடம்பெயர்ந்து புத்தூரில் இருந்தோம். நடராசா என்ற தோட்டக்காரர் தன் புகையிலைக் குடிலை எங்களுக்கு ஒழித்துக் கொடுத்திருந்தார். சுற்றிவர வெங்காயமும் மிளகாயும். கடற்காற்றுப் படாத இடத்தில் குழம்புகூடச் சரியாகக் கூடிவராது என்பது அம்மாவின் தினசரி முறைப்பாடு. குடிலுக்கு ஒரே ஒரு வாசல். அதற்கு நேரெதிர்ச் சுவரில் அம்மா, குருநகரிலிருந்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்த இயேசுவின் திருவிருதயப் படத்தை மாட்டியிருந்தார்.

அண்ணைக்கும் யசிந்தாவுக்கும் கலியாணம் பேசி முடித்திருந்தது. 1994ஆம் ஆண்டுத் தவக்காலம் தொடங்க, யசிந்தாவின் தகப்பன் வந்து மரியாதையாகத்தான் கதைத்தார். உயிர்த்த ஞாயிறு கழிந்து இரண்டாம் கிழமை கலியாணம். மாப்பிள்ளை பீடத்துக்கு முன்னால் தன் காலில் நிற்க வேண்டும். நிற்க முடியாவிட்டால் யசிந்தாவை மன்னாரில் இருக்கும் தமக்கையிடம் அனுப்பிவிடுவார். அவரைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை, அவருக்குக் கீழே இன்னும் இரண்டு பெண்கள். யசிந்தா தன் வழக்கத்தை விடவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் சைக்கிளில் வந்து, அண்ணைக்குப் பக்கத்தில் இருந்து முருங்கையிலை ஆய்ந்து தந்துவிட்டுப் போவாள். அவள் போன பிறகு அண்ணை சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வார்.

நான் பௌதிகம் படிப்பித்தேன். வாயும் கொஞ்சம் நீளம். கல்லூரி நூலகத்தில் கிடந்த பழைய சஞ்சிகை ஒன்றில், விண்வெளிக்குப் போகிறவர்களைப் பற்றி ஒரு கட்டுரை வாசித்தேன். அங்கே பாரம் இல்லாததால் கால் மெலிந்து, இரத்தம் மேலே ஏறி, திரும்பி வந்ததும் அவர்களால் நிற்க முடிவதில்லையாம். அதை ஆராய்வதற்குப் பூமியிலேயே நல்ல சுகதேகிகளை வாரக்கணக்கில் படுக்கவைக்கிறார்களாம். பிறகு அவர்களை ஒரு சுழலும் கட்டிலில், தலை நடுவிலும் கால் வெளியிலும் இருக்கக் கிடத்திச் சுற்றுகிறார்கள். சுற்றும்போது இரத்தம் காலுக்கு இறங்கும், பாதம் பலகையில் அழுந்தும். படுத்திருப்பவனுக்குத் தான் நிற்பதுபோல இருக்கும். ஈர்ப்பைச் செயற்கையாக உண்டாக்குகிறார்கள். அந்தப் பக்கத்தில் இருந்தது என் அண்ணையின் வருத்தம்தான். எழுப்பி இருத்தினால் சரிகிற அதே மயக்கம்.

படகு கட்டும் சிமியோன் அண்ணை, நடராசாவின் பழைய மாட்டு வண்டில் சில்லு ஒன்றைக் குடிலின் நடுவில் அச்சோடு நிலத்தில் இறக்கிப் படுக்கையாகப் பூட்டித் தந்தார். சில்லின்மேல் உடைந்த வள்ளத்தின் பலகை இரண்டு. நடுவில் தலையணை, வெளி நுனியில் பாதத்துக்கு ஒரு தடுப்புப் பலகை, சரிசமம் பார்க்க மறுபக்கத்தில் மணல் மூட்டை. இடுப்பிலும் நெஞ்சிலும் சீலைத்துண்டால் கட்டி, ஒரு தடியால் தள்ளிக்கொண்டு சுற்றிவர வேண்டும். தன்னை நான் ஆட்டுக்கல்லில் போட்டு அரைக்கப் போவதாக அண்ணை பகிடி விட்டார்.

அம்மாவுக்கு அது துண்டாகப் பிடிக்கவில்லை. ஒவ்வொரு சுற்றுக்கும் பிள்ளையின் கால் வாசலுக்கு நேரே நீண்டு, பிறகு திருவிருதயப் படத்துக்கு நேரே நீண்டு, திரும்ப வாசலுக்கு வருகிறது. எங்களில் வாசலுக்குக் கால் நீட்டிக் கிடத்துவது பிணத்தை மட்டும்தான். கலியாண மாப்பிள்ளையை அப்படியா கிடத்துவது? அம்மா அதை ஒரு தடவைதான் கேட்டார்.

"ஏன் பிள்ளை, தலையை வெளியில விட்டு, காலை நடுவில வைச்சா என்ன?"

"அது பௌதிகம் அம்மா. உங்களுக்கு விளங்காது."

நான் சொன்னது இவ்வளவுதான். பதினாறு வயதுப் பிள்ளைகளுக்கு ஒன்பது தரம் திருப்பிச் சொல்லப் பொறுமை இருந்த எனக்கு, அம்மாவுக்கு ஒரு தரம் சொல்லப் பொறுமை இருக்கவில்லை. அண்ணை கேட்கவில்லை, ஆகவே அவருக்கும் நான் விபரம் சொல்லவில்லை. நான் சொன்னால் அவர்கள் செய்வார்கள், அது போதும் என்று இருந்துவிட்டேன்.

கைக்கடிகாரத்துக்குப் பற்றரி கிடைக்காத காலம் அது. அம்மா செபமாலையோடு வாசலில் இருந்து அருள்நிறைந்த மரியே சொல்ல, நான் சுற்றை எண்ணினேன். முதல் நாள் ஒரு மந்திரத்துக்கு இரண்டு சுற்று. அண்ணை குடித்த கஞ்சி முழுவதையும் சத்தி எடுத்தார். அடுத்த கிழமை நாலு சுற்று, பிறகு ஆறு. ஆறு சுற்றில் அவருடைய பாதத்தில் நிலத்தில் நிற்கிற பாரத்தில் பாதிக்குமேல் இறங்கும் என்று கணக்குப் போட்டு வைத்திருந்தேன். எட்டாம் நாள் அண்ணை மயங்காமல் எழும்பி இருந்தார். பதின்மூன்றாம் நாள் குடிலின் வாசல்தூணைப் பிடித்துக்கொண்டு நின்றார். பதினெட்டாம் நாள் தூணை விட்டார். பத்து மந்திரம் முடியும்வரை நின்றார். எண்ணிக்கொண்டிருந்த அம்மா பதினோராவதைச் சொல்லாமல் முந்தானையால் முகத்தைப் பொத்திக்கொண்டார். எனக்கு வந்த சந்தோஷத்தில் பாதி பெருமை என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

கலியாணத்துக்கு இன்னும் ஒன்பது நாள். மறுநாள் எனக்கு நெல்லியடியில் பரீட்சை மேற்பார்வை. இன்றைக்குச் சில்லு வேண்டாம், நான் வந்து பார்க்கிறேன் என்று சொல்லிவிட்டுச் சைக்கிளை எடுத்தேன். அம்மா தலையாட்டினார்.

பின்னேரம் திரும்பி வந்தபோது அண்ணை நெற்றியைப் பிடித்துக்கொண்டு இருந்தார். கண் இரண்டும் சிவந்திருந்தன. சாதுவான தலையிடி என்றார். கொஞ்ச நேரத்தில் சத்தி எடுத்தார், பிறகு வாய் கோணிப் பேச்சு நின்றது. நடராசா மண்ணெண்ணெயில் ஓடும் கார் ஒன்றை எங்கேயோ பிடித்துக்கொண்டு வந்தார். ஆஸ்பத்திரியில், தலைக்குள் இரத்தம் கசிந்துவிட்டது, இங்கே இதற்கு ஒன்றும் செய்ய வழியில்லை என்றார்கள். விடிந்து ஏழு மணிக்கு அண்ணை போய்விட்டார்.

பெட்டியை வைப்பதற்குக் குடிலில் சில்லு இருந்த இடம்தான் இருந்தது. சிமியோன் அண்ணை அழுதுகொண்டே அதைக் கழற்றினார். நான் பலகைகளைத் தூக்கி வெளியே கொண்டுபோனேன். பாதத் தடுப்புப் பலகையில் தேங்காயெண்ணெய்க் கறை. அதற்குள் ஒட்டியபடி நாலைந்து சுருட்டை மயிர். அண்ணையின் தலைமயிர். தலையணையோ நுனிப் பலகையின் பக்கமாகக் கட்டியிருந்தது. எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. ஒரு நாளும் தவறக்கூடாது என்று அம்மா சுற்றியிருக்கிறார். மாப்பிள்ளைப் பிள்ளையை மாப்பிள்ளை மாதிரிக் கிடத்திச் சுற்றியிருக்கிறார். அண்ணையும் தாயின் ஆசைக்கு ஒரு நாள் விட்டுக்கொடுத்திருப்பார். அவ்வளவு இரத்தமும் அந்தப் பயறளவு இரும்பை நோக்கி ஓடியிருக்கும். கிணற்றடியில் போய் அந்தப் பலகையை நானே தேய்த்துக் கழுவினேன். பிறகுதான் உள்ளே வந்தேன். அண்ணையின் கால் வாசலைப் பார்த்து இருந்தது.

யசிந்தாவின் தகப்பன் பெட்டியின் ஒரு முனையைத் தூக்கினார். யசிந்தாவை இரண்டு பேர் பிடித்துக்கொண்டு போனார்கள்.

அம்மா அழவில்லை. சாப்பிடவும் இல்லை. தண்ணீரை மட்டும் வாயில் நனைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்திருந்தார். எட்டாம் நாள் பூசை முடிந்து எல்லோரும் போன பிறகு, நான் கஞ்சி கொண்டுபோய் வைத்தேன். அம்மா கோப்பையைப் பார்க்காமல் என்னைப் பார்த்தார்.

"நீ நெல்லியடிக்குப் போன அண்டைக்கு நான் அவனை மாத்திக் கிடத்திச் சுத்தினனான். தலை வெளியில, கால் நடுவில."

நான் கோப்பையை அவர் பக்கம் தள்ளி வைத்தேன்.

"பதினெட்டு நாள் பிணம் மாதிரிக் கிடத்திப்போட்டு, ஒரு நாள் மாத்தி என்ன பலன். காலன் கண்டிட்டான். நான் உன்னோடை சண்டை பிடிச்சு முதல் நாளே மாத்தியிருந்தா, என்ரை பிள்ளை இருந்திருப்பான். என்ன?"

அம்மாவின் கண் என் முகத்தை விட்டு அசையவில்லை. இரண்டு பதில் என்னிடம் இருந்தன. ஒன்று சரியான பதில். வகுப்பில் பிழையான விடையை நான் ஒருநாளும் சும்மா விட்டதில்லை. அந்தச் சரியான பதிலைச் சொன்னால், அம்மா உயிரோடு இருக்கப்போகிற ஒவ்வொரு நாளும் தன் கையைத்தான் பார்த்துக்கொண்டிருப்பார். அதோடு, அம்மா கேட்ட அன்றைக்கே நான் காரணத்தைச் சொல்லியிருந்தால் அண்ணை இருந்திருப்பார் என்பதும் உண்மைதானே.

"ஓம் அம்மா," என்றேன். "முதல் நாளே மாத்தியிருந்தா இருந்திருப்பார். நான்தான் விடேல்லை."

அம்மா அப்போதுதான் அழுதார். தலையிலடித்து, அண்ணையின் பெயரைச் சொல்லிச் சொல்லி, வெங்காயத் தோட்டத்தில் நின்றவர்கள் எட்டிப் பார்க்கும்படி அழுதார். நான் கிட்டப் போக, கையை நீட்டித் தடுத்தார். அழுது முடிய முகத்தைத் துடைத்துக்கொண்டு, சாகும்வரைக்கும் என்னை மன்னிக்கமாட்டேன் என்று அவசரமில்லாமல், ஆறுதலாகச் சொன்னார். பிறகு கஞ்சிக் கோப்பையைக் கையில் எடுத்தார்.