அலாவுதீனின் வியாழக்கிழமை

செத்து ஏழு வருடமான செய்கு அலாவுதீன், ஒரு வியாழக்கிழமை சாயங்காலம் அஸர் தொழுகை நேரத்தில் ஷார்ஜா ரோலாவில் தன் பழைய அறைக்கு மூன்று மாடி ஏறி வந்தான். லிஃப்ட் அன்றும் ஓடவில்லை. மார்பில் உள்ளங்கை அகலத்துக்கு ஓட்டை இருந்தது; அதிலிருந்து மணல் கொட்டிக்கொண்டிருந்தது. அறைக்காரர்கள் முதலில் துடைப்பத்தைத் தேடினார்கள்.

வியாழக்கிழமை வந்ததற்குக் காரணம் உண்டு. ஃபிரிட்ஜில் ஒட்டியிருந்த சமையல் முறைப் பட்டியலில் அந்தக் கிழமைக்கு நேரே இன்னமும் அவன் பெயர்தான். அடுத்தவன் அந்தப் பெயரை அடித்துவிடுவான் என்று அறையிலிருந்த ஆறு பேரும் விட்டுவிட்டார்கள். ஏழு வருடமும் வியாழக்கிழமைகளில் கடையில் வாங்கிய குபூஸ் ரொட்டியும் தயிரும்தான்.

சைட்டில் சாரம் கட்டிக்கொண்டிருந்தவன் அவன். அத்தர்க்கடை அப்துல் ஹாதி, உலக முஸ்லிம்கள் எல்லாரும் ஒரே உடம்பு என்று பேசிப் பேசியே பாஷை தெரியாத தேசத்துக்குத் துப்பாக்கி தூக்க அனுப்பிவைத்தார். இப்போது அவனுக்கு மண்ணுக்குள் போக வேண்டும், அவ்வளவுதான். அடக்கம் செய்கிற மையவாடி அலுவலகத்தில், செத்த மையத்து எப்படி நடந்து வந்தது என்று யாரும் கேட்கவில்லை. 'இவன் எங்கள் ஆள்' என்று யாராவது ஒருவர் கையெழுத்துப் போட்டால் போதும் என்று தாளைக் கொடுத்தார்கள். ஊரில் வாப்பா மூன்றாம் வருடமே மகன் செத்தான் என்று கத்தம் ஓதிச் சோறு ஆக்கிப் போட்டுவிட்டார். இப்போது கேட்டதற்கு, ஒரே மகனுக்கு இரண்டு சாவு தாங்காது என்று போனை வைத்துவிட்டார்.

அடுத்த வியாழன் அறைக்காரர்களில் ஒருவனான கொத்தனார் அருள்ராஜ் லீவு போட்டு அவனை முதலில் அத்தர்க்கடைக்குக் கூட்டிப் போனான். யாரும் கையெழுத்துப் போடாவிட்டால் தானே போட்டுவிடலாம் என்று சட்டைப்பையில் பேனா வைத்திருந்தான். அப்துல் ஹாதி செருப்பில் விழுந்த மணலைத் தட்டினார். "அவன் மவுத்தானது நம்மள விட்டுப் பிரிஞ்சு போன கோஷ்டியில தம்பி. அது நம்ம உடம்புல சேராது."

"அப்ப வெட்டிப்போட்ட நகமாங்க பாய்?" என்றான் அருள்ராஜ்.

அடுத்து துபாயில் ஒரு தொண்டு அமைப்பு. மனிதகுலம் ஒரே குடும்பம் என்று வாசல் கண்ணாடியில் எழுதியிருந்தது. அங்கே பிருந்தா மேடம் கண்கலங்கக் கேட்டார், மணலோடு சேர்த்துப் படமும் எடுத்துக்கொண்டார். பிறகு, "ஆயுதம் எடுத்தவங்க எங்க வரையறைக்குள்ள வரமாட்டாங்க, ஸாரி" என்றார். அவர்கள் வெளியேறும் முன்பே கம்பளத்தைச் சுத்தம் செய்ய ஆள் வந்துவிட்டது.

திரும்பும் பஸ்ஸில் அருள்ராஜ் கேட்டான்: "ஏலே, அங்க யாரத்தான் சுட்டே?"

"யாருன்னு தெரியாதுல. ஒருத்தன் கையில மட்டும் சிமெண்ட்டு. காயக்கூட இல்ல."

அருள்ராஜ் சிமெண்ட் படிந்த தன் நகக்கண்களைப் பார்த்தான். எழுந்து வேறு சீட்டில் போய் உட்கார்ந்தான். ரோலாவில் இறங்கியதும் அலாவுதீனை முன்னால் போகவிட்டுப் பின்னால் நடந்தான்.

அறைக்கு வந்து பேனாவைத் திறந்தான். தாளில் 'இவன் எங்கள் ஆள்' என்பதற்குக் கீழே கையெழுத்துப் போட மனம் வரவில்லை. சரி, பட்டியலிலாவது பெயரை அடித்துவிடலாம் என்று ஃபிரிட்ஜ் பக்கம் போனான். சமையலறைக்குள்ளே அலாவுதீன் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தான். ட்யூட்டி முடித்து ஐந்து பேர் பசியோடு படியேறிக்கொண்டிருந்தார்கள். அருள்ராஜ் பேனாவை மூடினான்.

கையெழுத்தில்லாத அந்தத் தாள் பட்டியலுக்குக் கீழேயே ஒட்டியிருக்கிறது. அத்தர்க்கடையில் இன்றும் ஒரே உடம்பு. துபாய்க் கண்ணாடியில் இன்றும் ஒரே குடும்பம். வியாழக்கிழமைதோறும் அலாவுதீன் வைக்கும் மீன் குழம்பில் மணல் கடிபடும். ஆறு பேரும் அதைத் துப்பிவிட்டுச் சாப்பிடுகிறார்கள்.