பாறைமேல் விழுந்த வெளிச்சம்

ஒளிப்பதிவாளர் அம்பாரோ சல்தீவார் படம்பிடிக்காத ரகமே கிடையாது. முகமூடி மல்யுத்தப் படம், சோப்பு விளம்பரம், சுரங்கத்து வேலைநிறுத்தம் பற்றிய ஆவணப்படம், அழுகைப் படம் என எதுவானாலும் மெக்சிகோ நகரில் அவளைத்தான் கூப்பிட்டார்கள். சொந்தமாக இயக்கும் வாய்ப்பு வருவதற்குள் தலை பாதி நரைத்துவிட்டது. பசிபிக் கரையில் ஒரு சின்ன மீன்பிடித் துறையில், கடற்படைத் தளபதி ஒருவனின் காதல் கதையை எடுத்துக்கொண்டிருந்தாள்.

வேறு பக்கம் போகும் என்று சொல்லியிருந்த புயல் ஒரு பிற்பகல் துறைப்பக்கம் திரும்பியது. வானம் இருண்டது. மின்சாரம் போனதில் துறைவாயில் விளக்கும் அணைந்தது. படகுகள் இன்னும் கடலில் இருந்தன.

தயாரிப்பாளர் ஃபெர்மின் அவசரப்படுத்தினார். "ஷூட்டிங் விளக்கையெல்லாம் லாரில ஏத்து. கிளம்பலாம்."

படக்குழுவுக்குச் சமைக்கும் சோலே நனைந்தபடி வந்து நின்றாள். "அம்மா, துறை வாசல்ல ரெண்டு பக்கமும் பாறை. இருட்டுல எப்படி உள்ள வருவாங்க? என் புருஷனும் தம்பியும் வெளியதான் இருக்காங்க."

அம்பாரோ ஜெனரேட்டர் லாரியைத் துறைமேடைக்கு ஓட்டச் சொன்னாள். மேடையில் மீனவர் வீட்டுப் பெண்கள் கூடி நின்று ஒரே கூச்சல். யாரும் வழி விடவில்லை. தளபதி உடுப்போடு நின்ற நடிகன் லியாந்த்ரோவைப் பிடித்துத் தள்ளினாள்.

"நீ போய் அதட்டு. தோள்ல பட்டை இருக்கில்ல, கேப்பாங்க."

"எனக்கு நீச்சல்கூடத் தெரியாதும்மா."

"அது அவங்களுக்குத் தெரியாது."

அவன் அதட்டினான், கூட்டம் விலகியது. விளக்குகளைப் பாறைகள்மேல் திருப்பி, மழைக்கு மறைப்பாகத் தகரம் பிடித்தார்கள். உதவி ஒளிப்பதிவாளன் நெமேசியோ கேமராவோடு வந்தான்.

"இந்த மாதிரி காட்சி ஜென்மத்துக்கும் கிடைக்காது. ஒரே ஒரு விளக்கைப் பொம்பளைங்க முகத்துக்குத் திருப்புங்க, போதும்."

அவள் அந்த முகங்களைப் பார்த்தாள். எந்தக் கோணம், எந்த லென்ஸ் என்பதுகூட அவளுக்குத் தோன்றிவிட்டது.

"ஒண்ணையும் திருப்பாதே. எல்லாம் பாறை மேலயே இருக்கட்டும்."

மழை பட்டு விளக்குகள் ஒவ்வொன்றாக வெடித்தன. கடைசி விளக்கு வெடிப்பதற்குள் ஒன்றைத் தவிர எல்லாப் படகுகளும் உள்ளே வந்துவிட்டன. வராதது சோலேயின் தம்பி போன படகு. கணவனைக் கரையேற்றிவிட்டு அவள் கடலைப் பார்த்தபடியே நின்றாள். அம்பாரோ அருகில் போய் நின்றாள்.

புயல் ஓய்ந்ததும், வெடித்த விளக்குகளுக்காக ஃபெர்மின் அம்பாரோவைப் படத்திலிருந்து விலக்கினார். வேறொருவர் மீதியை அரங்கில் எடுத்து முடித்தார். அவள் மல்யுத்தப் படங்களுக்குத் திரும்பினாள். அடுத்த படத்தை இயக்கும் வாய்ப்பு வர நான்கு ஆண்டுகள் ஆயின.

தளபதி படம் வெளியானபோது பகல் காட்சிக்குத் தனியாகப் போனாள். அன்று கத்தியதில் லியாந்த்ரோவின் தொண்டை போய்விட்டதால், வேறு யாரோ குரல் கொடுத்திருந்தார்கள். குரல் பொருந்தவில்லை. சமையலறைக் காட்சியில் வெளிச்சம் தட்டையாக இருந்தது. முடியும்வரை இருந்து பார்த்துவிட்டு, ஒரு பற்பசை விளம்பரத்துக்கு ஒளி அமைக்கப் போனாள்.