நல்ல டேக்கில் மட்டும் விழுந்த வெளிச்சம்

திங்கட்கிழமை காலை, தொனேர் ஊர் சினிமாக் கொட்டகையில், முந்தின வாரம் எடுத்த காட்சிகளைப் போட்டுப் பார்த்தோம். கால்வாய் மதகின் மேல் ரெஜீன் நிற்கிறாள். படத்தில் அவள் மதகுக்காரனின் மனைவி. புருஷன் போன படகு திரும்புகிறதா என்று பார்க்கிறாள். வெயில் நேராக முகத்தில் அடிக்கிறது. கண்ணைச் சுருக்குகிறாள், மெல்லச் சிரிக்கத் தொடங்குகிறாள். அந்த நொடியில் படம் முழுவதும் வெளுத்து, பால் போலப் புகை படர்கிறது. இரண்டு மூன்று நொடி. பிறகு தானாகவே விலகிவிடுகிறது.

அடுத்த டேக்கிலும் புகை. அதற்கடுத்ததிலும்.

"எலுவா, உன் பெட்டி மறுபடியும் ஒழுகுது," என்றார் தயாரிப்பாளர் ப்ரெவோ, இருட்டுக்குள்ளிருந்து.

எலுவா நான்தான். ஃபோகஸ் பார்ப்பவன், கேமராவும் ஃபிலிம் பெட்டியும் என் பொறுப்பு. ஃபிலிமில் புகை என்றால் எங்கோ வெளிச்சம் நுழைகிறது என்று அர்த்தம். எங்கே என்று இரண்டு வாரமாகத் தேடுகிறேன். பெட்டியின் விளிம்பெல்லாம் கறுப்பு நாடா ஒட்டினேன். பெட்டியை மாற்றினேன். பாரிஸிலிருந்து வேறு கேமராவே வந்தது. தினமும் அதே இடத்தில், அதே வெயிலில், ஐம்பது அடி ஃபிலிம் ஓட்டிச் சோதித்தேன். சோதனை ஃபிலிம் துடைத்து வைத்த மாதிரி சுத்தமாக இருந்தது. ஷாட் எடுத்தால் புகை.

படம் முடிந்து மதகுக்கு வந்ததும், எல்லோர் முன்னாலும் ப்ரெவோ இயக்குநரிடம் பேசினார். எங்கள் இயக்குநர் அந்தெல்ம் வெர்தியே.

"அந்தெல்ம், பிரான்ஸுலயே உன்ன மாதிரி கேமராமேன் கிடையாது. அதுல எனக்குச் சந்தேகமே இல்ல. ஆனா டைரக்ஷனும் நீயே, கேமரா பிடிக்கிறதும் நீயேன்னா இப்படித்தான் ஆகும். வெள்ளிக்கிழமை வர்ற படத்துலயும் புகை இருந்துச்சுன்னா, வேற டைரக்டரக் கூட்டிட்டு வர்றேன். நீ கேமராவோட நின்னுக்கோ."

சொல்லிவிட்டுத் திரும்பியவர், படகு கட்டியிருந்த இடத்தில் கால் இடறி, "யாருடா இங்க கயித்தப் போட்டது!" என்று கத்தினார்.

நாற்பது பேரும் மூச்சை இழுத்தோம். படப்பிடிப்பு நடக்கும் இடத்தில் 'கயிறு' என்ற வார்த்தையை யாரும் சொல்வதில்லை. சொன்னால் ஆகாது, சொன்னவர் எல்லோருக்கும் ஒயின் வாங்கி ஊற்ற வேண்டும்.

"முஸ்யே ப்ரெவோ, நாப்பது கிளாஸ் ஷாப்லி!" என்றார் தலைமை எலெக்ட்ரீஷியன். "குளிரக் குளிர வேணும். கணக்குல எழுதக் கூடாது!"

எல்லோரும் சிரித்தார்கள். வெர்தியே சிரிக்கவில்லை.

அவருக்கு ஐம்பத்திரண்டு வயது. லியோனில் ஒரு புகைப்படத் தகடு தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்து, அங்கிருந்து கேமராவுக்கு வந்தவர். முப்பது வருடத்தில் நாற்பத்தோரு படம். மார்ன் ஆற்றின் மேல் விடிகாலைப் பனியை அவர் எடுத்த விதத்தைப் பார்க்க, மற்ற கேமராமேன்கள் டிக்கெட் வாங்கிக்கொண்டு போவார்கள். அதில் பதினேழு படத்துக்கு நான் அவர் பக்கத்தில் நின்று ஃபோகஸ் பார்த்தேன் என்று எங்கே வேண்டுமானாலும் மார்தட்டிச் சொல்வேன். மூன்று வருடத்துக்கு முன் முதல் தடவையாக ஒரு படத்தை இயக்கினார். "வெளிச்சம் அற்புதம், ஆனால் மனிதர்களைக் காணோம்" என்று ஒரு பத்திரிகை எழுதியது. அந்தத் துண்டை மடித்துப் பர்ஸில் வைத்திருக்கிறார். இது இரண்டாவது படம். இதுவும் கையை விட்டுப் போனால் மூன்றாவதை யாரும் கொடுக்கப்போவதில்லை.

அன்று மாலை ஊகெத்தின் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். எங்கள் ஸ்கிரிப்ட் பெண்மணி. எந்த டேக்கில் யார் எந்தக் கையால் கதவைத் திறந்தார் என்பது வரை எழுதிவைப்பாள். இயக்குநர் "இது நல்லா வந்துச்சு" என்றால் அந்த எண்ணைச் சுற்றி வட்டம் போடுவாள். வட்டம் போட்டதை மட்டும்தான் லேப் பிரதி எடுத்து அனுப்பும். மற்றவை கழுவியதோடு டப்பாவில் தூங்கும்.

அங்கேதான் எனக்கு உறைத்தது. நாங்கள் பார்த்ததெல்லாம் நல்ல டேக்குகள் மட்டுமே. மற்றவை எப்படி இருக்கின்றன என்று யாருமே பார்க்கவில்லை.

செவ்வாய் காலை தபால் நிலையத்திலிருந்து பாரிஸ் லேபுக்கு டெலிபோன் போட்டு, டப்பாக்களைத் திறந்து பார்க்கச் சொன்னேன். ஒரு மணி நேரத்தில் திரும்பக் கூப்பிட்டார்கள்.

"வட்டம் போடாதது முப்பத்திரண்டு. ஒண்ணுலகூடப் புகை இல்ல," என்றார் லேப்காரர். "போட்ட பதினொண்ணுல ஒன்பதுல இருக்கு. ஏன் முஸ்யே, எங்க மருந்துத் தொட்டிக்கு நடிப்பு புரியும்னு நினைக்கிறீங்களா?"

தொட்டிக்குப் புரியாது. கேமராவுக்கும் புரியாது. அப்படியானால் நடிப்பு புரிகிற ஏதோ ஒன்று கேமராவைத் தொட்டுக்கொண்டிருக்கிறது.

அன்று பதினோரு மணிக்கு அதே ஷாட். நான் எப்போதும் ரெஜீனையும் தரையில் போட்ட குறிகளையும் பார்த்துக்கொண்டு லென்ஸ் வளையத்தைத் திருப்புவேன். இந்த முறை வளையத்தில் கையை வைத்துக்கொண்டு வெர்தியேயைப் பார்த்தேன்.

ரெஜீன் நடந்துவந்தாள். வெர்தியேயின் வலது கண் வியூஃபைண்டரின் ரப்பர் வளையத்தில் அழுந்தியிருந்தது. அவள் கண்ணைச் சுருக்கினாள். சிரிப்பு தொடங்கியது. அவர் தலை மெல்ல மேலே எழுந்தது. வாய் லேசாகத் திறந்திருந்தது. இரண்டு கண்ணாலும் அவளையே பார்த்துக்கொண்டு, அவள் பேசும் வசனத்தை உதட்டுக்குள் பேசிக்கொண்டிருந்தார். கைகள் மட்டும் கேமராவைத் திருப்பிக்கொண்டே இருந்தன, ஒரு மயிரிழைகூடப் பிசகாமல். மூன்று நொடி. பிறகு கண் வளையத்துக்குத் திரும்பியது. தலையைத் தூக்கியதே அவருக்குத் தெரியாது.

எங்கள் கேமராவில் லென்ஸ் வழியே வரும் வெளிச்சத்தை ஒரு சுழலும் கண்ணாடி மாற்றி மாற்றி அனுப்பும்: ஒரு கணம் ஃபிலிமுக்கு, ஒரு கணம் எடுப்பவர் கண்ணுக்கு. கண்ணுக்கு வரும் அந்தப் பாதை இரண்டு பக்கமும் திறந்த பாதை. கண்ணை எடுத்துவிட்டால் வெளியிலிருந்து வெளிச்சம் அதே வழியாக உள்ளே போய், கேமராவுக்குள் சிதறி, ஃபிலிமில் விழும். அதிலும் வெயில் நடிகையின் முகத்தில் நேராக விழ வேண்டும் என்பதற்காக, சூரியனை எங்கள் முதுகுக்குப் பின்னால் வைத்திருந்தோம். சோதனை ஓட்டும்போது நான் கண் வைக்கும் அந்த ரப்பர் வளையத்துக்கு மூடி போட்டுவிடுவேன். அதனால்தான் சோதனை சுத்தமாக இருந்தது. கண்ணை எடுக்காதே என்பது தொழிலில் சேர்ந்த முதல் நாள் சொல்லித்தரும் பாடம். வெர்தியே எடுப்பார் என்று யாருக்குத் தோன்றும்?

"எலுவா! ஃபோகஸ் போச்சே!" என்றார் அவர். "தூங்குறியா?"

"இல்ல முஸ்யே. உங்களப் பாத்துட்டு இருந்தேன்." எல்லோரும் கேட்கும்படிச் சொல்ல மனம் வராமல் அருகில் போனேன். "நீங்க கண்ண எடுக்கிறீங்க."

அவர் முகம் சிவந்தது. "முப்பது வருஷம். நாப்பத்தோரு படம். நான் கண்ண எடுத்தேனா? யார்கிட்ட பேசுறேன்னு தெரியுமா உனக்கு?"

"தெரிஞ்சதாலதான் கண்டுபிடிக்க ரெண்டு வாரமாச்சு."

ரெஜீன் மதகிலிருந்து இறங்கி வந்துவிட்டாள். "இதுக்கா சண்டை? அவர் தலையைத் தூக்குறது எனக்கு எப்பவோ தெரியுமே."

"தெரிஞ்சா ஏம்மா சொல்லல?" என்றேன்.

"அது அவரோட முறைன்னு நினைச்சேன். கேமராவுக்கு மேல அந்த ரெண்டு கண்ணும் வந்தா, ஆஹா, நாம சரியாப் போறோம்னு அர்த்தம். வரலைன்னா இன்னொரு தடவை எடுப்பாங்கன்னு தெரிஞ்சிடும்."

வெர்தியே கேமராவின் மேல் கையை வைத்தார்.

"நாப்பத்தோரு படத்துல எத்தனையோ பெரிய நடிகைங்க," என்றார். "ஒருத்தருக்காகவும் நான் தலையைத் தூக்கினது இல்ல. முகத்துல வெளிச்சம் எப்படி விழுதுன்னு மட்டும்தான் பாப்பேன்."

"இப்ப அவங்களப் பாக்குறீங்க முஸ்யே," என்றாள் ஊகெத், குறிப்பேட்டிலிருந்து நிமிராமல். "டைரக்டருங்க அதத்தான் செய்வாங்க."

அவர் பர்ஸை எடுத்து, அந்தப் பத்திரிகைத் துண்டைப் பிரித்துப் படித்தார். பிறகு நான்காய்க் கிழித்துக் கால்வாயில் போட்டுவிட்டு நிமிர்ந்தார். பதினேழு படத்தில் அவர் அவ்வளவு உயரமாக நின்று நான் பார்த்ததில்லை. கேமராவின் கைப்பிடிகளை என் பக்கம் திருப்பிவிட்டார்.

"பிடி. நடுவுல கண்ண எடுத்த, கொன்னுடுவேன்."

புதன்கிழமை பதினாறு டேக் எடுத்து இரவு ரயிலில் பாரிஸுக்கு அனுப்பினோம். வெள்ளிக்கிழமை கொட்டகையில், வட்டம் போட்ட ஐந்தும் ஓடின. ரெஜீன் சிரித்தாள், படம் வெளுக்கவில்லை. ப்ரெவோ இரண்டு தடவை போடச் சொன்னார். பிறகு எழுந்து, "அடுத்த வாரமும் இதே டைரக்டர்தான்," என்றார்.

கேமராவைத் திருப்புகிற நான் வியூஃபைண்டரிலிருந்து கண்ணை எடுப்பதில்லை. என் உதவியாளர் ஃபோகஸ் பார்க்கிறார். வெர்தியே லென்ஸுக்குப் பக்கத்தில் நின்று இரண்டு கண்ணாலும் ரெஜீனைப் பார்க்கிறார். ஃபிலிமில் புகை விழுவதில்லை.